இந்தியாவில் உளச்சிகிச்சை: முன்னோடிகளும் முறைகளும்

சர் ஜோசப் போர் தலைமையிலான சுகாதார ஆய்வு, வளர்ச்சிக் குழு 1946-ஆம் ஆண்டு தன் அறிக்கையை அளித்தபோது, நாட்டின் மனநோய் மருத்துவமனைகளில் ஏறத்தாழ 10,000 படுக்கைகளே இருந்தன. அன்றைய மக்கள் தொகை சுமார் 40 கோடி. அதாவது 40,000 பேருக்கு ஒரு படுக்கை. அதே காலத்தில் இங்கிலாந்தில் 300 பேருக்கு ஒரு படுக்கை இருந்ததை அக்குழு ஒப்பிட்டுக் காட்டியது. படுக்கைகளின் நிலையே இதுவென்றால், நோயாளியுடன் அமர்ந்து பேசி, அவர் மனத்திலுள்ள சிக்கலை அவரைக் கொண்டே அவிழ்க்கச் செய்யும் உளச்சிகிச்சைக்கு இந்நாட்டில் இடமேது என்று எவரும் கேட்டிருக்கலாம்.

இக்கேள்விக்கு வேறொரு கணக்கும் உண்டு. வியன்னா நகரில் சிக்மண்ட் ஃபிராய்டு வகுத்த உளப்பகுப்பாய்வு முறையில், நோயாளி சாய்வு இருக்கையில் படுத்தவாறு மனத்தில் தோன்றுவதையெல்லாம் தடையின்றிச் சொல்லவேண்டும். மருத்துவர் பெரும்பாலும் கேட்டுக்கொண்டிருப்பார். வாரத்தில் ஐந்து நாள், நாளொன்றுக்கு ஏறத்தாழ ஒரு மணி நேரம், இவ்வாறு ஆண்டுக்கணக்கில் இது நீளும். ஒருவர் நாள்தோறும் எட்டு மணி நேரம் உழைத்தாலும், ஒரே காலத்தில் எட்டுப் பேருக்குத்தான் சிகிச்சை அளிக்க இயலும். ஒரு நோயாளிக்கு மூன்று ஆண்டுகள் என்று கொண்டால், 30 ஆண்டுப் பணிக்காலத்தில் அவரால் பயன்பெறுவோர் 80 பேர். செல்வம் மிக்க நாடுகளுக்கே இது எட்டாத செலவு. இந்தியாவில் இத்துறையில் இறங்கியவர்கள் இக்கணக்கை ஏட்டில் போட்டுப் பார்த்தார்களோ இல்லையோ, அவர்களுடைய முறைகள் ஒவ்வொன்றும் இதற்கு ஏதேனும் ஒரு வகையில் விடை தேடியவையே. அவ்விடைகளில் எதை அரசின் திட்டங்கள் எடுத்துக்கொண்டன, எதை விட்டுவிட்டன என்பது இன்றும் ஆராயத்தக்கது.

பார்சிபகான் சந்தில் ஒரு கழகம்

இந்தியாவில் உளப்பகுப்பாய்வைத் தொடங்கிவைத்தவர் டாக்டர் கிரீந்திரசேகர போஸ். 1887-இல் பிறந்தவர். தந்தையார் தர்பங்கா சமஸ்தானத்தில் திவானாக இருந்தவர். ‘பரசுராம்’ என்னும் புனைபெயரில் வங்காளிகளைச் சிரிக்கவைத்த எழுத்தாளர் ராஜசேகர போஸ் இவருடைய தமையனார். 1910-இல் கல்கத்தா மருத்துவக் கல்லூரியில் பட்டம் பெற்றுப் பொதுமருத்துவம் பார்க்கத் தொடங்கிய கிரீந்திரசேகருக்கு, இளமை முதலே மாயவித்தையிலும் அறிதுயிலிலும் ஈடுபாடு இருந்தது. உடலில் குறையேதும் காணப்படாத நோயாளிகளிடம் அறிதுயில் முறையைக் கையாண்டு பார்த்தார். மனத்தில் அமுக்கப்பட்ட விருப்பங்களே நோயாக வெளிப்படுகின்றன என்ற எண்ணம் இவ்வழியிலேதான் அவருக்கு ஏற்பட்டது. ஃபிராய்டின் நூல்கள் ஆங்கிலத்தில் பரவலாகக் கிடைக்காத காலம் அது.

கல்கத்தா பல்கலைக்கழகம் அப்போதுதான் உளவியலைத் தனித்துறையாகக் கற்பிக்க முற்பட்டிருந்தது. மருத்துவராகத் தொழில் நடத்திக்கொண்டே போஸ் அங்கு மாணவராகச் சேர்ந்து, 1917-இல் முதுகலைப் பட்டமும், அமுக்கம் பற்றிய ஆராய்ச்சிக்காக 1921-இல் அறிவியல் டாக்டர் பட்டமும் பெற்றார். அந்த ஆய்வு நூலை ஃபிராய்டுக்கு அனுப்பிவைத்தார். அன்று தொடங்கிய கடிதப் போக்குவரத்து 1937 வரை நீடித்தது. இருவரும் நேரில் சந்தித்ததே இல்லை. ஃபிராய்டின் உருவம் எப்படியிருக்கும் என்று கற்பனையாக வரையப்பட்ட ஓவியம் ஒன்று கல்கத்தாவிலிருந்து வியன்னாவுக்குச் சென்றது. 1931-இல் ஃபிராய்டின் 75-ஆம் பிறந்தநாளுக்குத் தந்தத்தில் செதுக்கிய திருமால் சிலையொன்று அனுப்பப்பட்டது. அது அவருடைய மேசையில் இடம்பெற்றது.

1922-இல் கல்கத்தா பார்சிபகான் சந்து 14-ஆம் எண் இல்லத்தில், போஸின் சொந்த வீட்டிலேயே, இந்திய உளப்பகுப்பாய்வுக் கழகம் நிறுவப்பட்டது. தொடக்க உறுப்பினர் 15 பேரில் பெரும்பாலோர் கல்லூரிகளில் உளவியலோ தத்துவமோ கற்பித்தோர். படைத்துறை மருத்துவர் சிலரும் இருந்தனர். உலகக் கழகத்தின் அங்கீகாரமும் விரைவில் கிடைத்தது. கழகத்தின் தலைவராகிய போஸ் வேறெவரிடமும் பகுப்பாய்வுக்கு உட்பட்டுப் பயிற்சி பெற்றவரல்லர். தாமே கற்று, தம்மிடமே பரிசோதித்துத் தெளிந்தவர். பின்வந்தோருக்கு இது முறையான பயிற்சியாக ஏற்கப்படமாட்டாது என்பதையும் சொல்லத்தான் வேண்டும்.

போஸ் ஃபிராய்டின் கருத்துகளை அப்படியே இறக்குமதி செய்யவில்லை. ‘எதிரெதிர் விருப்பங்கள்’ என்பது அவர் வகுத்த கொள்கை. ஒவ்வொரு விருப்பத்துக்கும் அதற்கு நேர்மாறான விருப்பம் ஒன்று மனத்தின் அடியில் உண்டு. பிறரை அடிக்கவேண்டும் என்னும் எண்ணத்துக்கு அடியில் பிறரால் அடிபடவேண்டும் என்னும் எண்ணம் மறைந்து கிடக்கிறது. மேலெழுந்த ஒன்றை அறிந்து, அடியிலுள்ள மற்றொன்றை அறியாதிருப்பதே நோய்க்கு வித்து. ஆகவே நோயாளி தம்மைப் பேசவைத்துவிட்டு மருத்துவர் மௌனமாக அமர்ந்திருப்பது போதாது. ‘உங்களை அவமதித்தவரின் இடத்தில் உங்களை வைத்துப் பாருங்கள், அவமதிப்பவராக நீங்களே இருப்பதாக எண்ணிப் பாருங்கள், மீண்டும் அவமதிக்கப்பட்டவராகுங்கள்’ என்ற வகையில் மருத்துவர் முன்னின்று வழிநடத்துவார். ஏற்றப்பலகையின் இரு முனைகளும் மாறிமாறி ஏறி இறங்குவதுபோல் இரு விருப்பங்களும் மாறிமாறி மேலே வரும். ஒரு கட்டத்தில் இரண்டும் ஒருசேரத் தெளிவாகி, போராட்டம் தணியும். இம்முறையை ‘ஏற்றப்பலகை முறை’ என்றே அவர் அழைத்தார். ஃபிராய்டு இக்கொள்கையைப் புறக்கணிக்கவில்லை, முழுமையாக ஏற்கவுமில்லை.

மருத்துவர் ஆசிரியரைப்போல் முன்னின்று நடத்தும் இம்முறை, கேட்டுக்கொண்டு மட்டும் இருக்கும் முறையைவிட இங்குள்ள நோயாளியின் எதிர்பார்ப்புக்கு நெருங்கியது. கீதைக்கும் புராணங்களுக்கும் விளக்கம் எழுதியவரும், வங்காளியில் கனவுகளைப் பற்றி நூல் இயற்றியவருமான போஸ், தம் சமூகத்தின் மொழியிலேயே மனத்தை விளக்க முயன்றவர் என்பதை மறந்துவிடலாகாது.

அவருடைய பணி அறைக்குள் முடங்கிவிடவுமில்லை. 1933-இல் கல்கத்தா கார்மைக்கேல் மருத்துவக் கல்லூரியில் (இன்றைய ஆர். ஜி. கர் மருத்துவக் கல்லூரி) மனநோயாளிகளுக்கான புறநோயாளர் பிரிவு தொடங்கப்பட்டது. பொது மருத்துவமனையொன்றில் இத்தகைய பிரிவு நாட்டில் அதுவே முதலாவது என்று கருதப்படுகிறது. ‘பைத்தியக்கார ஆஸ்பத்திரி’யின் மதிற்சுவரைக் கடக்க அஞ்சியவர், காய்ச்சலுக்கு மருந்து வாங்கும் அதே வாயில் வழியே உள்ளே வர முடிந்தது. 1940-இல் தமையனார் ராஜசேகர் அளித்த இடத்தில் லும்பினி பார்க் மனநோய் மருத்துவமனை உருவாயிற்று. 1949-இல் குழந்தைகளுக்கான ‘போதாயனா’ பள்ளியும் தோன்றிற்று. 1953-இல் போஸ் மறைந்தார். கழகம் நிலைத்தது, ஆனால் பயிற்சி பெற்றுத் தேர்ந்தோரின் எண்ணிக்கை பெருகவில்லை. மேலே சொன்ன 80 பேர் கணக்கை ஏற்றப்பலகையும் மாற்றிவிடவில்லை.

அதே கழகத்தின் தொடக்க உறுப்பினருள் ஒருவரான ஓவன் பெர்க்லி-ஹில், ராஞ்சியில் ஐரோப்பியருக்கென அமைந்த மனநோய் மருத்துவமனையின் கண்காணிப்பாளராக 1919 முதல் 1934 வரை பணியாற்றினார். அடைத்துவைக்கும் இடமாக இருந்ததைத் தொழிற்பயிற்சி, விளையாட்டு, பழக்கப் பயிற்சி ஆகியவற்றைக் கொண்டு சிகிச்சைக்குரிய இடமாக்கியவர் அவர். ஆனால் இந்துக்களின் சமயத்தையும் குணநலனையும் உளப்பகுப்பாய்வு நோக்கில் ஆராய்ந்து 1921-இல் அவர் வெளியிட்ட கட்டுரை, ஆளும் இனத்தவரின் பார்வையிலிருந்து விடுபடவில்லை. ஆளப்படும் மக்கள் முழுவதையும் ஒரு நோயாளியாக அது கண்டது. கருவி ஒன்றேயாயினும், அதைப் பிடித்த கை எத்தகையது என்பதும் பொருட்டாகும்.

அமிர்தசரசில் கூடாரங்கள்

நாட்டுப் பிரிவினையின்போது சொத்துகளும் கோப்புகளும் பங்கிடப்பட்டதுபோல் மனநோயாளிகளும் பங்கிடப்பட்டனர். லாகூர் மருத்துவமனையில் இருந்த இந்து, சீக்கிய நோயாளிகள் 1950-இல் எல்லை கடந்து அனுப்பிவைக்கப்பட்டனர். சாதத் ஹசன் மண்டோவின் ‘டோபா டேக் சிங்’ என்னும் உருதுச் சிறுகதை இப்பின்னணியில் எழுந்ததே. இவர்களை ஏற்ற அமிர்தசரஸ் மருத்துவமனையில் இடமும் போதவில்லை, ஆட்களும் போதவில்லை. ஊரையும் உறவையும் இழந்து வந்தவர்கள் நிறைந்திருந்த மாநிலத்தில் நோய்க்கு மட்டும் குறைவில்லை.

1950-களில் அங்குக் கண்காணிப்பாளராக இருந்த டாக்டர் வித்யா சாகர் செய்தது, ஆவணங்களில் சில வரிகளில் அடங்கிவிடக்கூடிய ஒன்று. நோயாளியைக் கொண்டுவந்து விட்டுவிட்டுப் போகாதீர்கள், நீங்களும் உடன் தங்குங்கள் என்று உறவினரைக் கேட்டுக்கொண்டார். தங்குவதற்கு இடம்? இராணுவத்திடமிருந்து கூடாரங்கள் பெறப்பட்டு, மருத்துவமனை வளாகத்திலேயே அடிக்கப்பட்டன. தாயோ, மனைவியோ, சகோதரரோ நோயாளியுடன் கூடாரத்தில் தங்கி அவரைக் கவனித்துக்கொண்டனர். மருந்தும் மின்னதிர்ச்சிச் சிகிச்சையும் ஒருபுறம் இருக்க, வித்யா சாகர் நோயாளிகளையும் உறவினரையும் ஒருங்கே கூட்டி உட்காரவைத்து, நாள்தோறும் நெடுநேரம் அவர்களுடன் உரையாடுவார். நோய் என்பது என்ன, அது எவ்வாறு தணிகிறது, வீட்டில் எவ்வாறு நடந்துகொள்ள வேண்டும், கோபமும் அச்சமும் எங்கிருந்து எழுகின்றன என்பவற்றைப் பஞ்சாபிக் குடும்பங்கள் நன்கறிந்த சமயக் கதைகளைக் கொண்டு அவர் விளக்குவது வழக்கம்.

இதன் பயன்கள் பல. வீட்டார் உடனிருந்ததால், தாம் கைவிடப்பட்டோம் என்ற அச்சம் நோயாளியை வாட்டவில்லை. பக்கத்துக் கூடாரத்தில் ஒருவர் தெளிந்துவருவதைக் கண்ணால் கண்ட குடும்பத்துக்கு, இந்நோய் தீராதது என்ற நம்பிக்கை தானே தகர்ந்தது. எல்லாவற்றுக்கும் மேலாக, குணமானவரை அழைத்துச் செல்ல ஆள் தேடவேண்டிய நிலை எழவில்லை; அழைத்துச் செல்லவேண்டியவர் அங்கேயே இருந்தார். நோய் தீர்ந்த பின்னும் வீடு திரும்ப வழியின்றி ஆண்டுக்கணக்கில் நோயாளிகள் தேங்கிக் கிடந்தது அக்கால மருத்துவமனைகள் யாவற்றுக்கும் பொதுவான நோய். அதற்குக் கூடாரம் மருந்தாயிற்று.

ஒரு மருத்துவர், ஒரு மணி நேரம், ஒரு நோயாளி என்னும் கணக்கு இங்கே உடைந்தது. ஒருவர் பேசப் பலர் கேட்டனர். கேட்டவர்களே பின்னர் தத்தம் வீட்டில் சிகிச்சையாளரின் துணைவராயினர். வித்யா சாகர் எழுதியது மிகக் குறைவு. அவர் செய்ததை உலகம் அறிந்தது பெரும்பாலும் நேரில் கண்டவர்கள் எழுதியதிலிருந்துதான்.

இதே எண்ணம் வேறிடங்களிலும் முளைத்தது. வேலூர் கிறித்தவ மருத்துவக் கல்லூரியின் மனநல மையம் 1957-இல் கனடா நாட்டு மருத்துவர் டாக்டர் புளோரன்ஸ் நிக்கல்ஸ் முயற்சியால் தொடங்கியபோது, குடும்பத்தினர் உடன்தங்குவது அங்குச் சிகிச்சையின் ஒரு பகுதியாகவே அமைந்தது. லக்னோவின் நூர் மன்சில் மனநல மையத்திலும் பின்னர் காஷ்மீரிலும் பணிபுரிந்த சுவிட்சர்லாந்து மருத்துவர் டாக்டர் எர்னா ஹோக், தம்மிடம் வருமுன் நோயாளிகள் பீர்களையும் பக்கீர்களையும் நாடிச் சென்றதை இகழவில்லை. அவர்கள் எதனால் நம்பப்படுகின்றனர் என்று ஆராய்ந்து எழுதினார்.

குருவும் மருத்துவரும்

செயலில் கண்டதைக் கொள்கையாக வகுத்தவர்கள் அடுத்த தலைமுறையினர். பெங்களூர் அகில இந்திய மனநல நிறுவனத்தின் (1954-இல் நிறுவப்பட்ட இதுவே 1974-இல் நிம்ஹான்ஸ் என்னும் தேசிய மனநல, நரம்பு அறிவியல் நிறுவனத்தின் ஓர் அங்கமாயிற்று) இயக்குநராக இருந்த டாக்டர் என். சி. சூர்யா, 1964-இல் எஸ். எஸ். ஜெயராமுடன் சேர்ந்து எழுதிய கட்டுரையில், இந்திய நோயாளி மருத்துவரை நடுநிலை வகிக்கும் அந்நியராகக் காண விரும்புவதில்லை, ஆதரவும் வழிகாட்டலும் தரும் பெரியவராகவே காண்கிறார் என்று எடுத்துக்காட்டினார். மேலைநாட்டுப் பாடநூல் இதனைச் சிகிச்சைக்கு இடையூறு என்று சொல்லும். சூர்யா இதையே சிகிச்சையின் தொடக்கப்புள்ளியாகக் கொள்ளலாம் என்றார்.

டாக்டர் ஜஸ்வந்த் சிங் நேக்கி (1925-2015) இன்னும் ஒரு படி சென்றார். மனநல மருத்துவர், சீக்கிய சமய அறிஞர், பஞ்சாபிக் கவிஞர் ஆகிய மூன்றும் ஒருங்கே அமைந்தவர். கவிதைக்காக 1979-இல் சாகித்ய அகாதமி விருது பெற்றவர். சண்டிகர் முதுநிலை மருத்துவக் கல்வி, ஆராய்ச்சி நிறுவனத்தின் இயக்குநராகவும் விளங்கியவர். குரு-சீடர் உறவைச் சிகிச்சை உறவுக்கு ஒரு மாதிரியாகக் கொள்ளலாகுமா என்று 1973-இல் ஓர் ஆய்வுக் கட்டுரை எழுதினார். தன்னை வெளிப்படுத்துவதைவிடத் தன்னை அடக்கியாளுவதையும், தனியாளுக்கும் சமூகத்துக்கும் இடையே இணக்கத்தையும் பெரிதாக மதிக்கும் சமூகங்களுக்கு இது பொருந்தும் என்பது அவர் முடிவு. சார்ந்திருப்பதைக் குறையாகக் கருதும் மேலைநாட்டு எண்ணத்தையும் அவர் கேள்விக்கு உள்ளாக்கினார். பிறரைச் சார்ந்து வளர்ந்து, பின் பிறர் தம்மைச் சார்ந்து நிற்கத்தக்கவராவது இங்கே முதிர்ச்சியின் அடையாளம் அல்லவா?

எனினும் இம்மாதிரியில் ஆபத்தும் உண்டு. குருவின் சொல்லுக்குச் சீடன் எதிர்ச்சொல் கூறுவதில்லை. அதிகாரம் முழுவதும் ஒருபுறம் சாயும் இடத்தில், அதைத் தவறாகக் கையாளும் வாய்ப்பும் அங்கேயே இருக்கும். ‘குரு’ என்னும் மதிப்பைப் பட்டயச் சான்றிதழ் வழங்கிவிடாது. நேக்கியைப் போன்ற ஒருவர் கையில் நன்கு பயன்படும் முறை, பயிற்சி குறைந்தோர் கையில் வெறும் அறிவுரையாகச் சுருங்கிவிடக்கூடும்.

திட்டமும் உரையாடலும்

1970-களில் பெங்களூரை அடுத்த சகல்வாராவிலும், அரியானாவின் ராய்ப்பூர் ராணியிலும் நடந்த முயற்சிகள், மனநலப் பணியைக் கிராம ஆரம்ப சுகாதார நிலையத்துக்குக் கொண்டுசெல்ல முடியும் என்று காட்டின. 1982-இல் தேசிய மனநலத் திட்டம் ஏற்கப்பட்டது. 1980-களின் பிற்பகுதியில் கர்நாடகத்தின் பெல்லாரி மாவட்டத்தில் செயல்பட்ட மாதிரியை அடியொற்றி, 1996-இல் நான்கு மாவட்டங்களில் தொடங்கிய மாவட்ட மனநலத் திட்டம் இன்று 700-க்கும் மேற்பட்ட மாவட்டங்களுக்கு விரிந்துள்ளது. இது சிறிய சாதனையன்று. ஆனால் கிராமத்தை எட்டியது எது? பெரும்பாலும் மாத்திரை. கடும் மனநோய்க்கு மாத்திரை இன்றியமையாதது. அதனை எண்ணி, வாங்கி, அனுப்பி, கணக்கும் காட்டலாம். உரையாடலை அவ்வாறு கொள்முதல் செய்ய இயலாது. அமிர்தசரஸ் முறையில் உறவினரை உடனிருக்கச் செய்யும் பகுதி மருத்துவமனைகளில் நிலைபெற்றது. அவர்களை உட்காரவைத்து நாள்தோறும் பேசிய பகுதி நழுவிவிட்டது. பேச்சு இல்லாவிடில், உடனிருக்கும் உறவினர் ஊதியமில்லாத செவிலியர் மட்டுமே. நிதிக்குறிப்பு எழுதுவோருக்கு இது சிக்கனமாகத் தோன்றலாம். கூலி இழந்து வந்திருக்கும் அக்குடும்பத்துக்கு இது செலவு.

குடும்பமே இல்லாதவர் நிலை வேறு. வீட்டார் கைவிட்ட பெண்களும் முதியோரும் கூடார முறைக்கு வெளியேதான் நிற்கின்றனர். சில இடங்களில் வீடே நோயின் காரணமாகவும் இருக்கிறது. 2017-ஆம் ஆண்டின் மனநலப் பராமரிப்புச் சட்டத்தின் 19-ஆம் பிரிவு, குடும்பம் இல்லை என்பதாலோ குடும்பம் ஏற்கவில்லை என்பதாலோ மட்டும் ஒருவர் மருத்துவமனையில் தொடர்ந்து வைத்திருக்கப்படலாகாது என்று விதிக்கிறது. அத்தகையோருக்கு இடைநிலை இல்லங்களும் குழு இல்லங்களும் அமைப்பது அரசின் பொறுப்பு. கட்டடத்துக்கு ஒதுக்கீடு கேட்பது எளிது. அக்கட்டடத்துக்குள் அமர்ந்து பேசுவோர் யார் என்பதற்குப் பணியிடம் கேட்பது அரிது.

2015-16-இல் நிம்ஹான்ஸ் 12 மாநிலங்களில் நடத்திய தேசிய மனநல ஆய்வின்படி, வயது வந்தோரில் 10.6 விழுக்காட்டினர் ஏதேனும் ஒரு மனநலக் கோளாறுக்கு உள்ளாகியிருந்தனர். இவர்களுள் பெரும் பகுதியினருக்குத் தேவைப்படுவது மருத்துவமனைப் படுக்கையன்று. மனச்சோர்வும் அச்சமும் கொண்ட இவர்களுடன் அமர்ந்து பேசத் தெரிந்த ஒருவர் எட்டும் தொலைவில் இருந்தால் போதும்.

இதற்கு ஒரு வழியை அண்மைக்காலத்தில் காட்டியது கோவா. ‘சங்கத்’ என்னும் தொண்டு அமைப்பும் பேராசிரியர் விக்ரம் பட்டேலும் அவர்தம் குழுவினரும் அங்கு 10 ஆரம்ப சுகாதார நிலையங்களில் மேற்கொண்ட ஆய்வின் முடிவு 2017-ஆம் ஆண்டு ‘லான்செட்’ இதழில் வெளியாயிற்று. கடும் மனச்சோர்வுற்ற 495 பேர் அதில் பங்கேற்றனர். ஆலோசகராகச் செயல்பட்டோர் மருத்துவரும் அல்லர், உளவியல் பட்டதாரிகளும் அல்லர். சில வாரப் பயிற்சி பெற்ற உள்ளூர்வாசிகள். ஆறு முதல் எட்டு அமர்வுகள், ஒவ்வொன்றும் 30 முதல் 40 நிமிடம். சோர்வால் கைவிட்ட சிறுசிறு அன்றாடச் செயல்களை நோயாளி மீண்டும் ஒவ்வொன்றாகத் தொடங்க ஊக்குவிப்பதே அச்சிகிச்சையின் மையம். வழக்கமான கவனிப்பை மட்டும் பெற்றவர்களைவிட இச்சிகிச்சை பெற்றவர்களிடம் மனச்சோர்வு குறைந்து காணப்பட்டது.

வித்யா சாகரின் மாலை நேர உரையாடல்களுக்குப் பதிவேடு இல்லை. கோவாவில் அமர்வுகள் ஒலிப்பதிவு செய்யப்பட்டன. ஆலோசகர்கள் குழுவாகக் கூடி, ஒருவர் நடத்திய அமர்வை மற்றவர்கள் கேட்டு, எங்கே பேசியிருக்க வேண்டும், எங்கே பேசாமல் இருந்திருக்க வேண்டும் என்று ஒருவருக்கொருவர் மதிப்பெண் இட்டுத் திருத்திக்கொண்டனர்.